நான்காவது மனுதாரர்

5 ஜூன் 2023, திங்கள்

இன்று இரண்டாயிரத்து இருபத்து மூன்றாம் ஆண்டு ஜூன் மாதம் ஐந்தாம் தேதி. எனக்கு எழுபத்தாறு வயது, மூன்று மாதம், மூன்று நாள். இவ்வளவு துல்லியம் எதற்கென்றால், வக்கீல் ஜெபராணி காலையில் அதைக் கேட்டாள்.

"சுமார் எழுபத்தஞ்சுன்னு போட்டுரட்டா டீச்சர்?"

"சுமார்ங்கிறதைக் கத்திரிக்காய்க்குப் போடு. என் வயசுக்குப் போடாதே."

அவள் என்னிடம் படித்தவள் அல்லள். பாளையங்கோட்டையில் எங்கள் தெருவே என்னை டீச்சர் என்கிறது. அவளும் அப்படியே அழைக்கிறாள்.

விஷயம் இதுதான். ஏப்ரல் பதினொன்றாம் தேதி வண்ணார்பேட்டையில் ஒரு பேருந்து என் மகன் சங்கரநயினாரின் இரு சக்கர வாகனத்தின்மீது ஏறியது. அவனுக்கு நாற்பத்தொரு வயது. அரிசி ஆலை இயந்திரங்களைப் பழுதுபார்க்கும் நிறுவனமொன்றில் பொறியாளன். தவறு பேருந்து ஓட்டுநருடையது என்று காவல்துறையே எழுதிவிட்டது. தலைக்கவசம் அணிந்திருந்தானா என்று இருவர் கேட்டார்கள். அணிந்திருந்தான் என்று இருவருக்கும் சொன்னேன்.

இப்போது இழப்பீட்டு வழக்கு. முதல் மனுதாரர் அவன் மனைவி பகவதி. இரண்டாவது, மூத்த பேத்தி வடிவு. மூன்றாவது, இளையவள் தன்ஷிகா. அந்தப் பெயருக்குப் பொருள் என்ன என்று ஒன்பது ஆண்டுகளாகக் கேட்டுவருகிறேன், ஒருவரும் சொன்னபாடில்லை. நான்காவது மனுதாரர் நான்.

"மகன் வருமானத்தை நம்பியிருந்தவங்கன்னு உங்களையும் போட்டுருவோமா?" என்றாள் ஜெபராணி.

"வாரிசுன்னு போடு. நம்பியிருந்தவள்னு போடாதே."

"அத்தைக்கு காலேஜ் பென்ஷன் வருதுல்லாக்கா," என்றாள் பகவதி.

அந்நேரம் குழாயில் தண்ணீர் வந்துவிட்டது. குடத்தை வைக்க எழுந்து போனேன்.

நடப்பவற்றைத் தேதிவாரியாகக் குறித்துவைக்கும்படி ஜெபராணி சொல்லிவிட்டுப் போனாள். இந்நாட்குறிப்பு அதற்காக மட்டுமே. துக்கத்தைத் தாளில் இறக்கிவைத்தால் மனம் லேசாகும் என்று நம்புகிறவர்களின் கூட்டத்தில் நான் இல்லை.

1 ஜூலை 2023

வழக்கம்போல மாதச் செலவுக்குப் பத்தாயிரம் ரூபாயைப் பகவதியிடம் கொடுத்தேன். வழக்கம்போல எண்ணாமல் வாங்கி, "தேங்க்ஸ் அத்தை" என்றாள். என் வலது கை வளையல்களில் ஒன்று சில நாட்களாகத் தளர்ந்து கிடந்தது. இப்போது இல்லை.

20 ஆகஸ்ட் 2023, ஞாயிறு

நயினாரின் பிறந்தநாள். பகவதி பாயசம் வைத்துவிட்டு, வைத்தது சரியா தவறா என்று தெரியாமல் அடுக்களையில் நின்றாள். பால் வீணாகக்கூடாது என்பதால் இரண்டு கிண்ணம் குடித்தேன்.

அவனுடைய கைப்பேசி எண்ணுக்கு மேலும் மூன்று மாதங்களுக்குப் பணம் கட்டினேன். வங்கிச் செய்திகள் அந்த எண்ணுக்குத்தான் வருகின்றன. வேறு காரணம் ஏதும் இல்லை. வடிவு அந்த எண்ணை அழைத்து, மறுமுனையில் மணி அடிப்பதைக் கேட்டுக்கொண்டிருந்ததைப் பார்த்தேன். கண்டிக்கவில்லை. நானும் ஒருமுறை எண் சரியாக இயங்குகிறதா என்று சோதித்துப் பார்த்ததுண்டு.

15 அக்டோபர் 2023

தூத்துக்குடியிலிருந்து பகவதியின் அண்ணன் சுடலைமுத்து வந்திருந்தார். நல்ல மனிதர், உரக்கப் பேசுகிறவர். நல்ல மனிதர்கள் பலருக்கும் உள்ள குறை இது. வந்த காரியத்தை முதல் தோசைக்குள் சொல்லிவிட்டார். வீட்டுக் கடன் பத்தொன்பது லட்சம் பாக்கி. பகவதி ஒரு பள்ளி அலுவலகத்தில் வாங்கும் சம்பளத்தில் தவணை கட்டி மாளாது. ஆகவே வீட்டை விற்றுவிட்டுப் பிள்ளைகளோடு தூத்துக்குடிக்கு வந்துவிட வேண்டும்.

"அத்தையை என்ன செய்ய?" என்றாள் பகவதி.

"அவியளுக்கு என்ன குறை? படிச்சவிய. பென்ஷன் வருது. இங்ஙனக்குள்ளயே ஒரு ரூம் பாத்தா ராணி மாதிரி இருந்துக்கிடுவாவ. என்ன டீச்சர், நான் சொல்லுதது சரிதானே?"

"கணக்கு சரியாத்தான் இருக்கு," என்றேன்.

"பாத்தியா? அவியளே சொல்லிட்டாவ."

"அண்ணே, தோசை ஆறுது. தின்னு மொதல்ல," என்றாள் பகவதி. குரலில் எரிச்சல் இருந்தது. யார்மீது என்பது புரியவில்லை.

கேஸில் கிடைக்கும் தொகையைப் பார்த்துவிட்டு முடிவெடுக்கலாம் என்று பேசிப் பிரிந்தார்கள். இந்த வீடு எனக்குப் பெரிதாகப் பிடிக்கும் என்று சொல்ல முடியாது. மேற்கு பார்த்த சுவர், மாலையில் கொதிக்கும். ஆயினும் வடிவின் பள்ளி நடந்து போகும் தொலைவில் இருக்கிறது. தன்ஷிகாவுக்குத் தெருவில் ஏழெட்டு எதிரிகள் இருக்கிறார்கள். புதிய ஊரில் முதலிலிருந்து சேர்க்க வேண்டியிருக்கும்.

தனி அறையில் வாடகைக்கு இருப்பதைக் கற்பனை செய்து பார்த்தேன். வாடகை என்ற சொல்லுக்கு மேல் கற்பனை நகரவில்லை.

2 ஜனவரி 2024

செய்தித்தாளை நிறுத்தினேன். கண்ணுக்கு ஓய்வு. சந்தைக்கு ஆட்டோவையும் நிறுத்தினேன். காலுக்குப் பயிற்சி. உடலின் ஓர் உறுப்புக்கு ஓய்வும் மற்றொன்றுக்கு உழைப்பும் ஒரே நாளில் தேவைப்படுவது மருத்துவ விந்தைதான்.

பகவதி என் கையைப் பார்த்தாள். "வளையல எங்கத்தை?"

"தோல் தடிப்பு. டாக்டர் தங்கம் ஆகாதுன்னுட்டார்."

"எந்த டாக்டரு?"

"உனக்குத் தெரியாதவர்."

21 பிப்ரவரி 2024, புதன்

பகவதி கூண்டேறிச் சாட்சியம் சொன்னாள். இதற்கு மூன்று நாட்களாக ஒத்திகை பார்த்தாள். துணி துவைக்கும்போதுகூட "ஆமா ஐயா, இல்ல ஐயா" என்று முணுமுணுத்துக்கொண்டிருந்தாள். சம்பளம், கடன், பிள்ளைகளின் படிப்பு எல்லாவற்றையும் தெளிவாகச் சொன்னாள். பாராட்டத்தக்க சாட்சி.

காப்பீட்டு நிறுவனத்தின் வக்கீல் குறுக்கு விசாரணையில் கேட்டார்: "உங்க மாமியார் வீட்டுச் செலவுக்கு ஏதும் கொடுக்கிறாங்களா?"

"மாசம் பத்தாயிரம் குடுக்காவ. அவிய பென்ஷன்லருந்து. ஒரு மாசங்கூடத் தவறுனதில்ல," என்றாள் பகவதி. அதை அவள் பெருமையாகச் சொன்னாள்.

வக்கீல் அதை அடிக்கோடிட்டார். ஜெபராணி பேனா மூடியைக் கடித்தாள். நான் சுவரில் நின்றுபோயிருந்த மின்விசிறியைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

9 மார்ச் 2024

ஜெபராணியின் அலுவலகம். பகவதிக்குப் பள்ளியில் வேலை. நான் மட்டும் போனேன். கணக்கை விளக்கினாள். இந்த ஒரு பெண்ணுக்காவது கணக்கை விளக்கத் தெரிகிறது.

இறந்தவனின் ஆண்டு வருமானம். எதிர்காலத்தில் கூடியிருக்கக் கூடியதையும் சேர்த்தால் ஐந்து லட்சத்து நாற்பதாயிரம். அதில் அவன் தனக்கென்று செலவழித்திருக்கக் கூடியதைக் கழிக்க வேண்டும். மீதியை அவன் வயதுக்குரிய பதினான்கால் பெருக்க வேண்டும். இவற்றில் என் மூளை தடுமாற எதுவும் இல்லை. கழிப்பது எவ்வளவு என்பதில்தான் தடுமாறியது.

"அவரை நம்பி இருந்தவங்க மூணு பேருன்னா மூணுல ஒரு பங்கைக் கழிப்பாங்க டீச்சர். நாலு பேருன்னா நாலுல ஒரு பங்குதான் கழிப்பாங்க."

மனதுக்குள் போட்டுப் பார்த்தேன். மூவர் என்றால் ஐம்பது லட்சத்து நாற்பதாயிரம். நால்வர் என்றால் ஐம்பத்தாறு லட்சத்து எழுபதாயிரம்.

"ஆறு லட்சத்து முப்பதாயிரம் வித்தியாசம்," என்றேன்.

"கால்குலேட்டர் இல்லாமலயா? ஆமா, அவ்வளவுதான். பிள்ளைங்க பங்கு பதினெட்டு வயசு வரைக்கும் பேங்க்ல கெடக்கும், தொட முடியாது. பகவதி கைக்கு பதினஞ்சு, மிஞ்சிப்போனா பதினாறு லட்சம். கடனோ பத்தொன்பது. அதான் இடிக்குது. உங்களையும் சேத்திருந்தா உங்க பங்கைக் கொண்டு அடைச்சிரலாம். வீடு நிக்கும்."

"சேர்க்க என்ன செய்யணும்?"

"நீங்க கூண்டேறி, மகன் சம்பாத்தியத்துலதான் சாப்பிட்டேன்னு சொல்லணும். சொந்த வருமானம் இல்லன்னு நிரூபிக்கணும். உங்களுக்குத்தான் பென்ஷன் இருக்கே, எப்படிச் சொல்லுவீங்க? அதனாலதான் நான் அந்தப் பேச்சையே விட்டுட்டேன்."

"சத்தியம் செய்துதான் சொல்லணுமா?"

"பின்ன? ஏன் டீச்சர், மோர் குடிக்கீங்களா? முகம் ஒரு மாதிரி இருக்கு."

"முகம் எழுபத்தேழு வருஷமா ஒரு மாதிரிதான் இருக்கு," என்று சொல்லிவிட்டு வந்தேன்.

11 மார்ச் 2024

பால் பொங்கி வழிந்தது. அடுப்பின் முன்தான் நின்றுகொண்டிருந்தேன்.

13 மார்ச் 2024

சுடலைமுத்து தொலைபேசியில் பகவதியிடம் தூத்துக்குடிப் பள்ளி ஒன்றின் கட்டண விவரத்தைச் சொன்னார். தன்ஷிகா அங்கே கடல் இருக்கிறதா என்று கேட்டாள். இருக்கிறது என்றேன். "அங்க நீ எங்க படுப்ப ஆச்சி?" என்றாள். கேள்விகளை வரிசையாகக் கேட்கும் பழக்கம் அவளுக்கு அப்பனிடமிருந்து வந்தது.

16 மார்ச் 2024, சனி

ஜெபராணியிடம் மீண்டும் போனேன். நடந்துதான்.

"மனுவில் திருத்தம் செய். நம்பியிருந்தவர்கள் நான்கு பேர்."

அவள் நாற்காலியை முன்னால் இழுத்துக்கொண்டாள். "டீச்சர், ஒண்ணு சொல்லுதேன், கோவப்படக் கூடாது. பேரப்பிள்ளைகளுக்காகன்னாலும் பொய்ச் சாட்சி பொய்ச் சாட்சிதான். எதிர்த்தரப்பு ஒரு கேள்வி கேட்டு உங்களைக் கவுத்திருவான். கேஸே நாறிப்போகும்."

"பொய்னு உனக்கு யார் சொன்னது?"

அதன்பின் அவள் நெடுநேரம் பேசவில்லை. வக்கீல்கள் பேசாமல் இருப்பது அரிது. அந்த அமைதியை வீணாக்காமல் சொல்ல வேண்டியதைச் சொன்னேன். என்ன சொன்னேன் என்பதை இங்கே எழுதப்போவதில்லை. எழுதினால் அதைக் கூண்டில் சொல்வதற்கு முன்பே ஒருமுறை சொல்லியதாகிவிடும். பகவதியிடம் வாய் திறக்கக்கூடாது என்று மட்டும் ஜெபராணிக்குக் கட்டளையிட்டேன்.

"அவ கோர்ட்ல உக்காந்து கேப்பாளே டீச்சர்?"

"கேட்கட்டும். நாலு பேருக்கு நடுவில் அழ மாட்டாள்."

"அழுவான்னு யார் சொன்னா? உங்களை அடிக்க வருவா."

அந்தச் சாத்தியத்தை நான் எண்ணிப் பார்த்திருக்கவில்லை. சற்று ஆறுதலாக இருந்தது.

10 ஜூலை 2024, புதன்

சாட்சியம் முடிந்தது. மறக்குமுன் அப்படியே எழுதுகிறேன்.

கூண்டின் படி உயரம். ஊழியர் ஒருவர் கை கொடுக்க வந்தார்; வேண்டாம் என்றேன்; பிறகு வேண்டும் என்றேன். பகவதி கடைசி வரிசையில் இருந்தாள்.

எதிர்த்தரப்பு வக்கீல் என் மகன் வயதுக்காரர். மரியாதையாகவே தொடங்கினார்.

"அம்மா, நீங்க காலேஜ்ல புரொபசரா இருந்தீங்க, இல்லையா?"

"விரிவுரையாளர். ஊர்க்காரங்க பதவி உயர்வு கொடுத்துட்டாங்க."

"பென்ஷன் எவ்வளவு வாங்குறீங்க?"

"ஒரு பைசாவும் கிடையாது."

அவர் சிரித்தார். "உங்க மருமகளே இதே கோர்ட்ல சொல்லியிருக்காங்க, பென்ஷன்லருந்து மாசம் பத்தாயிரம் கொடுக்கிறீங்கன்னு. அவங்க பொய் சொன்னாங்களா?"

"இல்லை. அவள் நம்பியதைச் சொன்னாள். நான் ஓய்வு பெறலை. எண்பத்தொன்பதில் ராஜினாமா செய்தேன். ராஜினாமா செய்தவருக்குப் பழைய சர்வீஸ் எல்லாம் போய்விடும், பென்ஷன் கிடையாது. அது விதி. கல்லூரி கொடுத்த ஆணையை வக்கீலம்மா தாக்கல் செய்திருக்காங்க; படிச்சுப் பாருங்க."

படித்துப் பார்த்தார். சிரிப்பு போய்விட்டது.

"அப்போ அந்தப் பத்தாயிரம் யாரோட பணம்?"

"என் மகனோடது. ஒவ்வொரு மாசமும் முதல் தேதிக்கு முன்னால என் கணக்கில் போட்டுவிடுவான். நான் எடுத்து அவன் பெண்டாட்டியிடம் கொடுப்பேன். மீதி ஐயாயிரம் என் மருந்துக்கு. கல்யாணம் ஆனதிலிருந்து அப்படித்தான். அம்மா பிறர் கையை எதிர்பார்த்து நிற்கிறவளாகத் தெரியக்கூடாதுன்னு அவன் செய்த ஏற்பாடு."

"அவர் இறந்து ஒரு வருஷத்துக்கு மேல ஆச்சு. அதுக்கப்புறமும் கொடுத்திருக்கீங்களே? எங்கேருந்து வந்தது?"

இரண்டு கைகளையும் தூக்கிக் காட்டினேன். "நாலு வளையல் இருந்தது."

நீதிபதி முதல்முறையாகத் தலையை உயர்த்தினார். நடுத்தர வயதுப் பெண்மணி. "இந்த ஏற்பாடு உங்க மருமகளுக்குத் தெரியுமா?"

"இப்போ தெரியும்," என்றேன்.

பின்வரிசையில் யாரோ சிரித்தார்கள். பகவதி சிரிக்கவில்லை.

வீட்டுக்கு ஆட்டோவில் வந்தோம். முருகன்குறிச்சி தாண்டியதும் அவள் வாயைத் திறந்தாள்.

"அப்போ, பதினஞ்சு வருசமா எங்க வீட்டுக்காரரு பணத்தை எங்கிட்டயே குடுத்து, எங்கிட்ட தேங்க்ஸ் வாங்கிருக்கிய."

"ஆமாம்."

"தீவாளிக்கு எடுத்துத் தந்தியளே அந்தப் பச்சைப் பட்டு?"

"அதுவும்."

"எனக்கு அந்தக் கலரே ஆகாது அத்தை! உங்க பென்ஷன்ல எடுத்ததாச்சே, மனசு நோவுமேன்னு மூணு கல்யாணத்துக்கு உடுத்துனேன். அவரு துட்டுன்னு தெரிஞ்சிருந்தா அன்னைக்கே கடையில போயி மாத்திருப்பேன்!"

"நல்ல பச்சை அது."

"பாசி மாதிரி இருந்துச்சு!"

ஆட்டோக்காரர் திரும்பிப் பார்த்தார். பகவதிக்குச் சிரிப்பு வந்துவிட்டது. சிரித்துக்கொண்டே அழத் தொடங்கினாள். பிறகு என் வெறுங்கையை எடுத்துத் தன் மடியில் வைத்துக்கொண்டாள். சூடான நாள், வியர்த்தது. எடுக்கும்படி சொல்லவில்லை.

"ஏன் அத்தை வேலைய விட்டிய? அதையாவது சொல்லுங்க."

"பிரின்ஸிபாலோடு சண்டை."

"அதானே பாத்தேன். நீங்க சண்டை போடாத ஆளு இந்த ஊருல யாரு?"

1 ஆகஸ்ட் 2024

இம்மாதம் பகவதி எனக்கு ஐயாயிரம் கொடுத்தாள். எண்ணிப் பார்த்துவிட்டு, "தேங்க்ஸ்" என்றேன். "ஆங், அப்படிச் சொல்லுங்க," என்றாள்.

சுடலைமுத்துவிடம் மெதுவாகப் பேசுவதாக அவள் எண்ணியிருக்கக்கூடும். அடுத்த அறைக்குத் தெளிவாகக் கேட்டது. "நாங்க வரல அண்ணே. தீர்ப்பு எப்படி வந்தாலும் வரல. அவியள விட்டுட்டு எங்க வர? யாரிருக்கா அவியளுக்கு? பென்ஷன் கூட கெடையாதாம்லா!"

செய்தித்தாள் இன்றிலிருந்து மீண்டும் வருகிறது. நான் சொல்லவில்லை.

28 நவம்பர் 2024, வியாழன்

தீர்ப்பு வந்தது. நான்கு பேரும் இறந்தவரைச் சார்ந்திருந்தவர்கள் என்று ஏற்றுக்கொண்டு, நான்கில் ஒரு பங்கை மட்டுமே கழித்திருக்கிறார்கள். வட்டியும் உண்டு. காப்பீட்டு நிறுவனம் மேல்முறையீடு செய்யலாம். செய்தாலும் பாதிக்கு மேல் முதலில் கட்டியாக வேண்டும் என்கிறாள் ஜெபராணி. கடன் அடையும். வீடு நிற்கும். மேற்குச் சுவருக்கு ஒரு பந்தல் போடலாம் என்கிறாள் பகவதி. வடிவுக்குத் தன் பங்கு எவ்வளவு என்று தெரிந்துவிட்டது. பதினெட்டு வயதில் என்ன செய்வாள் என்று நாளொரு திட்டம் சொல்கிறாள். இன்றைய திட்டம் கால்நடை மருத்துவம். நேற்றைய திட்டத்தைவிட உருப்படியானது.

தீர்ப்பின் நகலைப் பகவதி கூடத்தில் நின்று உரக்கப் படித்தாள். "நான்காவது மனுதாரரான தாயார், இறந்தவரின் வருமானத்தையே முழுமையாகச் சார்ந்திருந்தார் என்பது நிரூபிக்கப்பட்டுள்ளது." படித்துவிட்டு என் முகத்தைப் பார்த்தாள், நோகிறதோ என்று. நோகவில்லை. வாக்கியம் நன்றாகவே அமைந்திருக்கிறது.

ஜெபராணி கேட்ட தேதிகள் இத்துடன் முடிகின்றன. இனி எழுதுவது எனக்காக.

பிரின்ஸிபாலோடு எந்தச் சண்டையும் நடக்கவில்லை. என் கடிதத்தை வாங்கிக்கொண்டு, "இன்னும் ஏழு மாசம் பொறுங்க, இருபது வருஷம் முடிஞ்சிரும், பென்ஷனோட போகலாம்" என்று கெஞ்சினார். நயினாருக்கு அப்போது எட்டு வயது. மூட்டெல்லாம் வீங்கும் காய்ச்சல், இதயத்தைப் பாதித்துவிட்டது. ஓராண்டு படுக்கையை விட்டு எழக்கூடாது, பக்கத்தில் ஆள் இருந்தே ஆக வேண்டும் என்றார் டாக்டர். என் விடுப்பெல்லாம் தீர்ந்திருந்தது. அவன் அப்பாவின் அச்சகமோ கடனில் ஓடிக்கொண்டிருந்தது. கையெழுத்துப் போட்டுக் கொடுத்துவிட்டு வந்தேன். பையன் பிழைத்தான்; நெடுநெடுவென்று வளர்ந்தான்.

அம்மா ஏன் வேலைக்குப் போவதில்லை என்று பத்து வயதில் கேட்டான். சண்டை போட்டுவிட்டேன் என்றேன். அதையே அவன் கடைசிவரை நம்பினான். கோபக்காரக் கிழவி, ஒரு பென்ஷனைத் தொலைத்துவிட்டாள் என்று என்னிடம் தனியே கேலி செய்துகொண்டே மாதந்தோறும் பணம் போட்டான். கேலி செய்யட்டும் என்று விட்டுவிட்டேன். உண்மை தெரிந்திருந்தால் அந்தப் பணம் அவன் எனக்குக் கட்டும் இழப்பீடாகியிருக்கும். அவன் அப்போதும் கொடுத்திருப்பான். நான்தான் வாங்கியிருக்க மாட்டேன்.